கால் ரத்தக்குழாய் பைபாஸ்: எங்கள் வீட்டில் நடந்தது

(பகுதி அளவிலான கூட்டமைப்பின் ஆண்டு விழாவில் நல்லூர் உறுப்பினர் ஒருவர் பேசியதன் எழுத்து வடிவம்)



எனக்கு மேடையில் பேசிப் பழக்கம் இல்லை. மாதக் கூட்டத்தில் தீர்மானப் புத்தகம் வாசிப்பதோடு சரி. தலைவி அக்காதான், "உங்க வீட்டில் நடந்ததை அப்படியே சொல்லு, அது போதும்" என்றார். எங்க வீட்டுக்காரரிடம் கேட்டுக்கொண்டுதான் வந்திருக்கிறேன். "என் காலைப் பத்தித்தானே, தாராளமாப் பேசு. பீடியைப் பத்தி மட்டும் கொஞ்சம் குறைச்சுப் பேசு" என்றார். குறைக்க முடியாதுங்க.

உங்களில் பாதிப் பேருக்கு என்னை மருந்துப் பையோடு தெரியும். 2021 ஆகஸ்ட் 5-ஆம் தேதி கிருஷ்ணகிரி மாவட்டம் சாமனப்பள்ளியில் 'மக்களைத் தேடி மருத்துவம்' தொடங்கினார்கள். வீடு வீடாகப் போய் சுகர், பிரஷர் பார்க்கிற தன்னார்வலர்களை நம்மைப் போன்ற குழுக்களில் இருந்துதான் எடுத்தார்கள். அப்படிச் சேர்ந்தவள் நான். ஊரில் இருக்கிறவர்கள் விரலில் எல்லாம் ஊசி குத்தி சுகர் பார்த்தேன். சொந்த வீட்டில் ஒருவர் நொண்டிக்கொண்டு இருந்ததை ஒன்பது மாதம் பார்க்கவில்லை. இதைச் சொல்லாமல் மற்றதைச் சொல்ல எனக்கு யோக்கியதை இல்லை.

அவர் பனியன் கம்பெனியில் அயர்ன் மாஸ்டர். பதினேழு வயதில் வேலைக்குப் போனவர், அந்த வயதிலேயே பீடி. சம்பளம் ஏறியதும் சிகரெட், கையில் காசு குறைந்தால் மறுபடியும் பீடி. சுகர் ஏழெட்டு வருஷமாக இருந்தது. 2022 தொடக்கத்தில் நடக்கும்போது கெண்டைக்கால் இறுக்கிப் பிடிக்கிறது என்றார். வீட்டில் இருந்து காங்கயம் ரோடு பஸ் ஸ்டாப் வரை ஒரே மூச்சில் போகிறவர், நடுவில் இருக்கிற டயர் கடை முன்னால் நிற்க ஆரம்பித்தார். யாராவது பார்த்தால் போன் பார்க்கிற மாதிரி நிற்பார். இரண்டு நிமிஷம் நின்றால் வலி போய்விடும். மறுபடியும் அதே தூரம் நடந்தால் அதே வலி. எனக்கு அது தெரிந்தே இருந்தது. நின்று நின்று அயர்ன் பண்ணுகிற கால்தானே, வலிக்காமல் என்ன செய்யும் என்று விட்டுவிட்டேன்.

அங்கேதான் நான் தப்புப் பண்ணினேன். நாம் எல்லாவற்றையும் 'நரம்பு' என்று ஒரே பேரில் சொல்கிறோம். காலில் இரண்டு விதமான ரத்தக்குழாய் இருக்கிறது. இருதயத்தில் இருந்து காலுக்கு ரத்தம் கொண்டுபோவது ஒன்று, அதைத் தமனி என்கிறார்கள். காலில் இருந்து திரும்ப மேலே கொண்டு வருவது இன்னொன்று, அது சிரை. நின்றே வேலை செய்கிற நம்மில் பலருக்குக் காலில் பச்சையாகப் புடைத்துச் சுருண்டு நிற்கிறதே, அது திரும்பி வருகிற குழாயின் கோளாறு. சாயங்காலம் கால் கனக்கும், வீங்கும், காலைத் தூக்கி வைத்தால் சுகமாக இருக்கும். எங்க வீட்டுக்காரருக்கு வந்தது போகிற குழாயில் அடைப்பு. இது நேர்மாறுங்க. நடந்தால் வலிக்கும், நின்றால் விடும். நோய் முற்றினால் ராத்திரி படுத்ததும் பாதம் எரியும், காலைக் கட்டிலில் இருந்து கீழே தொங்கவிட்டால்தான் கொஞ்சம் அடங்கும். அவர் ஒரு மாதம் அப்படித்தான் தூங்கினார், சுவரில் சாய்ந்து, ஒரு கால் தரையில்.

நம்ம பக்கம் தென்னந்தோப்பில் சொட்டுநீர்க் குழாய் போட்டவர்களுக்குச் சொன்னால் சட்டென்று புரியும். உப்புத்தண்ணீர் போகப் போக உள்ளே படிந்து படிந்து குழாய் அடைத்துக்கொள்ளும், கடைசி மரம்தான் முதலில் காயும். உடம்பில் கடைசி மரம் கால் விரல். புகையிலை, சுகர், பிரஷர், ரத்தக் கொழுப்பு நாலும்தான் அந்த உப்பு. நிற்கிற வேலையால் இந்த அடைப்பு வருவதில்லை என்று டாக்டர் சொன்னபோது எனக்கு ஆச்சரியமாக இருந்தது. முப்பது வருஷமாக அயர்ன் டேபிளைத் திட்டிக்கொண்டிருந்தோம், சட்டைப் பையில் இருந்ததை விட்டுவிட்டு.

நாங்கள் செய்த வைத்தியத்தைச் சொல்கிறேன். கடையில் நரம்பு மாத்திரை வாங்கினோம். கூட வேலை செய்கிற ஒருவர், தன் மனைவிக்கு நரம்புச் சுருட்டலுக்கு வாங்கிய இறுக்கமான சாக்ஸைக் கொடுத்தார், அதையும் போட்டுப் பார்த்தார். இரண்டு இடத்தில் டாக்டரிடம் காட்டினோம், பேர் வேண்டாம். இரண்டு இடத்திலும் காலைத் தொட்டே பார்க்கவில்லை. ஊசி போட்டு அனுப்பினார்கள். கார்த்திகை மாதம் குளிர் ஆரம்பித்தது. பாதம் ஜில்லென்று இருக்கிறது என்றார். நான்தான் வெந்நீர் காய்ச்சி, கல் உப்பு போட்டு, வாளியில் காலை வைக்கச் சொன்னேன். சுடுகிறதா என்று கேட்டேன். இல்லை, இன்னும் கொஞ்சம் ஊற்று என்றார். சுகர் வந்த கால், சூடு தெரியவில்லை. ரத்தமும் போகாத கால், வெந்தால் ஆறவும் செய்யாது. மறுநாள் கட்டை விரலிலும் பக்கத்து விரலிலும் கொப்பளம். மஞ்சளும் எண்ணெயும் போட்டுப் பதினொரு நாள் பார்த்தோம். பக்கத்து விரல் நுனி கறுத்துவிட்டது.

அந்த வெந்நீரை நினைத்தால் இப்போதும் எனக்கு வயிற்றைப் பிசையும். அவர் ஒரு நாளும் சொல்லிக்காட்டியதில்லை. நானாகத்தான் சொல்கிறேன். தயவு செய்து, கால் ஜில்லென்று இருக்கிறவருக்கு வெந்நீர், ஒத்தடப் பை, இறுக்கமான சாக்ஸ் எதுவும் நீங்களாகக் கொடுக்காதீர்கள். ரத்த ஓட்டம் பார்த்தபிறகு டாக்டர் சொல்லட்டும்.

மூன்றாவதாகப் பார்த்த டாக்டர்தான் பாதத்தின் மேல் இரண்டு விரலை வைத்து நாடி தேடினார். அப்புறம் கணுக்காலுக்கு உள்பக்கம், முழங்காலுக்குப் பின்னால், தொடை இடுக்கில். தொடையில் மட்டும்தான் துடிப்பு கிடைத்தது. பிறகு ஒரு எளிய பரிசோதனை. கையில் பிரஷர் பார்க்கிற பட்டையைக் கணுக்காலிலும் கட்டிப் பார்த்தார்கள். கால் பிரஷரைக் கை பிரஷரால் வகுத்தால் 0.9-க்குக் குறையக்கூடாதாம். சுகர்காரர்களுக்குக் குழாய் கல் மாதிரி இறுகிப்போய், அடைப்பு இருந்தும் கணக்கு நன்றாகக் காட்டுவதுண்டு, அதனால் ஸ்கேனும் வேண்டும் என்றார். அன்றைக்கே கோயம்புத்தூருக்கு எழுதிக் கொடுத்தார்.

கோயம்புத்தூரில் டாக்டர் படம் வரைந்து காட்டினார். தொடையில் இருந்து முழங்கால் வரை நீளமாக அடைப்பு. அடைப்பு சின்னதாக இருந்தால் பலூன் விட்டு விரித்து, ஸ்டென்ட் வைக்கலாம், அதற்குக் கத்தி அதிகம் வேண்டாம். இது நீளம், அதனால் பைபாஸ். அவர் காலிலேயே இருக்கிற நீளமான சிரையை எடுத்து, அடைப்புக்கு மேலே ஒரு முனை, கீழே ஒரு முனை என்று தைத்து, ரத்தத்துக்குச் சுற்றுவழி போடுவது. சிரை சரியில்லை என்றால் செயற்கைக் குழாய் வைப்பார்கள். முழங்காலுக்குக் கீழே போகும்போது சொந்தச் சிரைதான் அதிக நாள் தாங்கும் என்றார். ஒரு சிரையை எடுத்துவிட்டால் காலுக்கு என்ன ஆகும் என்று கேட்டேன். திரும்பி வர வேறு சிரைகள் நிறைய இருக்கின்றன, கொஞ்ச நாள் வீங்கும், அவ்வளவுதான்.

இந்த ஆபரேஷன் நேற்று வந்தது இல்லைங்க. 1948-இல் பாரிஸில் ழான் குன்லின் என்கிற டாக்டர் முதல் முதலாக இப்படி நோயாளியின் சொந்தச் சிரையை வைத்துக் காலில் பைபாஸ் செய்தார். அதே சமயம் இங்கிலாந்து ராஜா ஆறாம் ஜார்ஜ் இதே கால் அடைப்பில் கஷ்டப்பட்டுக்கொண்டிருந்தார். பழைய காசில் தலை இருக்குமே, அவர்தான். பெரிய புகைக்காரர். காலை எடுக்க வேண்டி வருமோ என்று பயந்து, 1949-இல் முதுகுப் பக்கம் உண்மையான நரம்பை வெட்டி ஒரு ஆபரேஷன் செய்தார்கள். புதுவழி போடுகிற வைத்தியம் அப்போது எங்கும் பரவவில்லை. ராஜாவுக்குக் கிடைக்காத வைத்தியம் இன்றைக்கு ரேஷன் கார்டும் காப்பீட்டு அட்டையும் வைத்திருக்கிற அயர்ன் மாஸ்டருக்குக் கிடைக்கிறது.

கையெழுத்து வாங்குவதற்கு முன்னால் ஆபத்துகளைச் சொன்னார்கள். நான் நோட்டில் எழுதிக்கொண்டேன். நூறு பேருக்குச் செய்தால் இரண்டு மூன்று பேர் அந்த ஒரு மாதத்துக்குள் இறந்துபோகலாம், பெரும்பாலும் இருதயத்தால். கால் குழாய் அடைத்தவருக்கு இருதயக் குழாயும் அடைத்திருக்க வாய்ப்பு அதிகம், அதனால்தான் முன்கூட்டியே எக்கோ, ஈ.சி.ஜி. எல்லாம் எடுக்கிறார்கள். ரத்தம் கசியலாம். தொடை இடுக்கில் போடுகிற வெட்டில் சீழ் பிடிக்கலாம், சுகர் இருந்தால் இன்னும் அதிகம். புதுக் குழாயே அடைத்துக்கொள்ளலாம். எல்லாம் செய்தும் காலை எடுக்க வேண்டி வரலாம். வெட்டின் பக்கத்தில் மரத்துப்போவது பல பேருக்கு வரும், அது ஆபத்து இல்லை.

சொந்தக்காரர்கள் கூடிப் பேசினார்கள். "எதுக்கு ரெண்டு செலவு, விரலோட முட்டிக்குக் கீழே எடுத்துட்டா ஒரே வேலையா முடிஞ்சுது" என்று ஒரு பெரியவர் சொன்னார். கெட்ட எண்ணத்தில் சொல்லவில்லை. காலில்லாதவர் எந்த டேபிளில் நின்று அயர்ன் பண்ணுவார், யார் அவரைக் கழிவறைக்குத் தூக்குவார் என்று அவர் யோசிக்கவில்லை. அதை யோசிக்க வேண்டியவள் நான்தானே. பைபாஸ் என்று சொல்லிவிட்டேன்.

2023 பொங்கலுக்கு முன்னால் ஆபரேஷன். நாலரை மணி நேரம். கறுத்த விரலையும் அப்போதே எடுத்துவிட்டார்கள். வெளியே கொண்டு வந்தபின் ஒரு மணிக்கு ஒரு தடவை சிஸ்டர் வந்து பேனா மாதிரி ஒரு கருவியைப் பாதத்தில் வைத்துக் கேட்பார். உஸ்... உஸ்... என்று சத்தம் வரும். அந்தச் சத்தம் வந்தால்தான் எனக்கு மூச்சு வரும். இரண்டாம் நாள் கட்டிலை விட்டு இறக்கி உட்கார வைத்தார்கள், மூன்றாம் நாள் நாலு எட்டு நடக்க விட்டார்கள். படுத்தே கிடந்தால் நெஞ்சில் சளி கட்டும், கால் சிரையில் ரத்தம் உறையும் என்றார்கள். பத்தாம் நாள் வீட்டுக்கு வந்தோம்.

ஆஸ்பத்திரியில் பத்து பேர் பார்த்த காலை வீட்டில் ஒருத்தி பார்க்க வேண்டும். அந்த மூன்று மாதத்தைக் கொஞ்சம் விவரமாகச் சொல்கிறேன்.

முதலில் வீக்கம். ஆபரேஷன் செய்த கால் இன்னொரு காலை விட ஒன்றரை மடங்கு இருந்தது. பயந்துபோய் போன் பண்ணினேன். ரத்தம் போகாமல் காய்ந்த காலுக்கு இப்போது ரத்தம் போகிறது, வீங்கத்தான் செய்யும், இரண்டு மூன்று மாதத்தில் வடியும் என்றார்கள். உட்காரும்போது காலை ஸ்டூலில் தூக்கி வைக்க வேண்டும். தொங்கவிட்டு மணிக்கணக்கில் உட்காரக்கூடாது. சம்மணம் போடக்கூடாது, கால் மேல் கால் போடக்கூடாது, குத்துக்காலில் உட்காரக்கூடாது. அப்போ கழிவறைக்கு? எங்கள் லைன் வீட்டில் ஐந்து குடும்பத்துக்கு ஒரே இந்தியன் டாய்லெட். நம்ம குழு அக்கா ஒருவர், அவங்க மாமியாருக்கு வாங்கிய ஓட்டை நாற்காலியைக் கொடுத்தார். அந்த நாற்காலிக்கு நான் பட்ட நன்றிக்கடன் கொஞ்சமில்லை.

புண். தொடை இடுக்கு வேர்க்கும், ஈரம் நிற்கும். ஈரம் நின்றால் சீழ். குளித்தபின் ஒற்றி எடுத்து உலர்த்த வேண்டும், தேய்க்கக்கூடாது. பவுடர், மஞ்சள், எண்ணெய் எதுவும் வேண்டாம். தையல் இரண்டு வாரம் கழித்துப் பிரித்தார்கள். முழங்காலுக்குக் கீழே ஒரு இடத்தில் தையல் விட்டுப்போய் நீர் வடிந்தது. நர்ஸ் காட்டிய மாதிரி கட்டு மாற்றினேன், அது ஆற ஆறு வாரம் ஆனது. சிவந்து சூடாகி, காய்ச்சலும் வந்தால் நாள் கடத்தாமல் வரச் சொல்லியிருந்தார்கள்.

சாப்பாட்டில் ஒரு பெரிய சண்டை நடந்தது. முட்டை சீழ் வைக்கும், கத்தரிக்காய் அரிக்கும், பருப்பு வாயு என்று ஆளுக்கு ஒன்று தடுத்தார்கள். கஞ்சியும் ரசமும் மட்டும் பத்து நாள் கொடுத்தால் எதை வைத்துப் புண் ஆறும்? டாக்டரிடம் கேட்டபின் தினம் முட்டை, பச்சைப்பயறு, கொள்ளு, வசதிப்பட்டால் மீன் என்று கொடுத்தேன். சுகரைக் கட்டுக்குள் வைப்பதுதான் பத்தியம்.

நடை. வாசல் வரை, அப்புறம் தெருக்குழாய் வரை, அப்புறம் டயர் கடை வரை. சேமிப்பு நோட்டில் சந்தா எழுதுகிற மாதிரி ஒரு நோட்டுப் போட்டு, தேதி, எத்தனை நிமிஷம், சுகர், பிரஷர், மாத்திரை என்று எழுதினேன். வலி வந்தால் நின்று, வலி போனதும் மறுபடி நடக்கச் சொன்னார்கள். டயர் கடையைத் தாண்டி நிற்காமல் போன அன்றைக்குத் தேதியைச் சுற்றிச் சிவப்பு மையில் வட்டம் போட்டிருக்கிறேன். 2023 மார்ச் 19.

மூன்று மாதத்தில் வேலைக்குப் போனார். அரை நாள் ஷிப்ட். எல்லாம் முடிந்தது என்று நினைத்தோம்.

ஆபரேஷன் நோயை எடுத்துவிடவில்லைங்க. அடைத்த குழாய் அடைத்தபடி உள்ளேதான் இருக்கிறது. பக்கத்தில் ஒரு வழி போட்டிருக்கிறார்கள், அவ்வளவுதான். சொந்தச் சிரையில் போட்ட வழி ஐந்து வருஷம் கழித்துப் பத்துப் பேரில் ஆறேழு பேருக்கு ஓடிக்கொண்டிருக்கும் என்று சொன்னார்கள். புகை பிடிப்பதை விடாதவருக்கு அது அடைக்கிற வாய்ப்பு மூன்று மடங்கு.

இவர் விட்டிருந்தார், அல்லது நான் அப்படி நம்பியிருந்தேன். ஆடி மாதம் பல் வலி வந்தது. பல் பிடுங்கினால் ரத்தம் நிற்காது என்று யாரோ சொல்ல, ரத்தம் உறையாமல் இருக்கிற இரண்டு மாத்திரையையும் தானாகவே நிறுத்திவிட்டார். ஆறு நாள். என்னிடம் சொல்லவில்லை. அதே வாரத்தில் கம்பெனி வாசலில் பீடியும் ஆரம்பம். ஒரு வியாழக்கிழமை ராத்திரி பத்தரை மணி, "கால் மரத்துப்போற மாதிரி இருக்கு" என்றார். தொட்டுப் பார்த்தேன். முழங்காலுக்குக் கீழே ஐஸ். வெளுத்துக் காகிதம் மாதிரி இருந்தது. விரலை ஆட்டச் சொன்னேன், சரியாக ஆடவில்லை. பாதத்தில் நாடி பார்க்க சிஸ்டர் எனக்குச் சொல்லிக் கொடுத்திருந்தார். தினமும் காலையில் கிடைக்கிற துடிப்பு இல்லை.

மாமியார், பக்கத்து வீட்டார், அவரும் சேர்ந்து, "விடியட்டும், காலையில் முதல் பஸ்ஸுக்குப் போகலாம்" என்றார்கள். டிஸ்சார்ஜ் சீட்டில் எழுதியிருந்தது என் மனசில் இருந்தது. கால் திடீரென்று ஜில்லிட்டு, வெளுத்து, வலித்து, மரத்து, அசையாமல் போனால் ஆறு மணி நேரத்துக்குள் வந்துவிட வேண்டும். அதற்கு மேல் போனால் தசை செத்துப்போகும், அப்புறம் வழி திறந்தும் பிரயோஜனம் இல்லை. நான் காத்திருக்கவில்லை. ஆஸ்பத்திரிக்குப் போன் பண்ணிச் சொல்லிவிட்டு, தெருவில் வாடகைக் கார் ஓட்டுகிற தம்பியை எழுப்பினேன். கார் கிடைக்காவிட்டால் 108. ராத்திரி ஒரு மணிக்கு முன்னால் கோயம்புத்தூரில் இருந்தோம். உறைந்த ரத்தத்தை எடுத்துக் குழாயைத் திறந்தார்கள். காலையில் முதல் பஸ்ஸுக்குப் போயிருந்தால் இன்றைக்கு அவருக்கு ஒரு கால்தான்.

அன்றைக்குக் காலையில் வார்டில் வைத்து நான் அவரை வாய்க்கு வந்தபடி பேசினேன். பக்கத்துக் கட்டில்காரர்கள் எல்லாம் பார்த்தார்கள். அதற்கு இப்போதும் வருத்தம் இல்லை. அதற்கப்புறம் அவர் தொடவில்லை. புகையை நிறுத்த ஆஸ்பத்திரியில் ஆலோசனையும் மருந்தும் கொடுக்கிறார்கள் என்பதே எங்களுக்கு அப்போதுதான் தெரியும். ரோஷத்தில் விட்டது ஆறு மாதம் தாங்கியது, மருந்தும் ஆலோசனையுமாக விட்டது இரண்டு வருஷத்தைத் தாண்டியிருக்கிறது. மாத்திரை விஷயத்திலும் ஒன்று. பல்லோ, கண்ணோ, எந்த வைத்தியத்துக்குப் போனாலும் "பைபாஸ் செய்த கால், இந்த மாத்திரை சாப்பிடுகிறார்" என்று முதலில் சொல்ல வேண்டும். நிறுத்துவதா வேண்டாமா என்பதை ஆபரேஷன் செய்த டாக்டர் சொல்லட்டும்.

பணத்தைப் பற்றிச் சொல்லாமல் இறங்கினால் நம்ம பொருளாளர் விடமாட்டார். முதலமைச்சரின் விரிவான மருத்துவக் காப்பீட்டுத் திட்ட அட்டை எங்களிடம் இருந்தது. ஒரு குடும்பத்துக்கு வருஷத்துக்கு 5 லட்சம் வரை. வருஷ வருமானம் 1,20,000-க்குள் இருக்க வேண்டும். ஆபரேஷன் செலவு அதில் போயிற்று. ஆனால் அட்டை கொடுக்காத செலவு ஒன்று இருக்கிறது. போக வர வண்டி, கூட இருக்கிறவர் சாப்பாடு, கட்டுத் துணி, மூன்று மாதம் அவர் சம்பளம் இல்லை, ஒரு மாதம் என் சம்பளமும் இல்லை. குழுவில் 40,000 உள்கடன் வாங்கினேன், நூற்றுக்கு ஒரு ரூபாய் வட்டி. மூன்று தவணை கட்ட முடியவில்லை. கூட்டத்தில் ஒரு அக்கா, "எல்லார் வீட்டிலும் கஷ்டம் இருக்கு, இவளுக்கு மட்டும் என்ன?" என்று கேட்டார். அன்றைக்கு அழுதுகொண்டே எழுந்து போனேன். இப்போது யோசித்தால் அவர் கேட்டது தப்பில்லை, அது எல்லாருடைய சந்தாப் பணம். கடைசியில் அந்த அக்காவே தவணையைப் பத்தில் இருந்து பதினாறாக நீட்டித்துத் தீர்மானம் முன்மொழிந்தார். போன பங்குனியோடு கடன் முடிந்தது. கந்துக்காரரிடம் போயிருந்தால் கால் இருந்திருக்கும், வீட்டில் வேறு எதுவும் இருந்திருக்காது. காப்பீட்டு அட்டை எடுக்காதவர்கள் இந்த வாரமே வருமானச் சான்று வாங்கி எடுத்துவிடுங்கள். ஆம்புலன்ஸில் உட்கார்ந்துகொண்டு சான்றிதழ் வாங்க முடியாது.

இவ்வளவு நேரம் ஆண்கள் காலைப் பற்றியே பேசிவிட்டேன். நம்ம கால்? பீடி பிடிக்கவில்லை என்று நாம் தப்பிக்க முடியாது. வெற்றிலையோடு புகையிலை போடுகிறவர்கள் இந்தக் கூட்டத்திலேயே இருக்கிறீர்கள், எனக்குத் தெரியும். சுகர் எத்தனை பேருக்கு என்றும் என் பதிவேட்டில் இருக்கிறது, சொல்லமாட்டேன். செருப்பை செக்ஷனுக்கு வெளியே விட்டுவிட்டு வெறுங்காலோடு டேபிளுக்கும் மிஷினுக்கும் நடக்கிறோம். தரையில் உடைந்த ஊசி கிடக்கும். நம்ம குழுவிலேயே செக்கிங்கில் இருக்கிற ஒரு அக்காவின் குதிகாலில் ஊசி முனை ஏறி, நாலு நாள் அவருக்குத் தெரியவே இல்லை. வீட்டில் சாக்ஸ் மாதிரி ஒரு கறை பார்த்து மகள்தான் கண்டுபிடித்தாள். உணர்ச்சி குறைந்த கால் அப்படித்தான் ஏமாற்றும்.

நடிகர் விஜயகாந்த் அவர்களை நினைத்துப் பாருங்கள். 2022 ஜூனில் அவருக்குக் கால் விரலை எடுத்தார்கள். பல வருஷ சுகரால் விரல் பகுதிக்கு ரத்த ஓட்டம் சரியாக இல்லை என்று கட்சியில் இருந்தே அறிவிப்பு வந்தது. சினிமாவில் காலைச் சுழற்றி அடித்த மனுஷன். எந்த வைத்தியத்துக்கும் வசதி இருந்தவருக்கே அப்படி. அந்தச் செய்தி வந்த வாரம் எங்க வீட்டுக்காரர் டயர் கடை முன்னால் நின்றுகொண்டிருந்தார். நாங்களும் டிவியில் பார்த்து உச்சுக் கொட்டினோம், அவர் காலை மட்டும் பார்க்கவில்லை.

பார்ப்பது கஷ்டமான வேலை இல்லைங்க. ராத்திரி படுக்கும் முன்னால் இரண்டு பாதத்தையும் விளக்கு வெளிச்சத்தில் பாருங்கள். அடிப்பாதம் தெரியாவிட்டால் முகம் பார்க்கிற கண்ணாடியைக் கீழே வையுங்கள். விரல் இடுக்கு, குதிகால் வெடிப்பு, நிற மாற்றம், ஒரு காலை விட இன்னொன்று ஜில்லென்று இருக்கிறதா. தேங்காய் எண்ணெய் குதிகாலுக்குத் தடவலாம், விரல் இடுக்கில் வேண்டாம், அங்கே ஈரம் நிற்கும். ஆணியைப் பிளேடால் நீங்களே சீவ வேண்டாம். சுகர்காரர்கள் பாதத்தைப் பார்க்கவே அரசாங்கத்தில் 'பாதம் பாதுகாப்போம்' என்று ஒரு திட்டம் இருக்கிறது, அரசு ஆஸ்பத்திரியில் கேளுங்கள். நடந்தால் கெண்டைக்கால் வலி, நின்றால் போகிறது என்று யாராவது சொன்னால், "பாதத்தில் நாடி பாருங்க டாக்டர்" என்று நீங்களே கேளுங்கள். கேட்டால் யாரும் கோபித்துக்கொள்ள மாட்டார்கள். கோபித்துக்கொண்டால் வேறு டாக்டரிடம் போங்கள்.

இப்போது அவர் எப்படி இருக்கிறார் என்று எல்லாரும் கேட்கிறீர்கள். ஆபரேஷன் ஆனதும் ஒரு மாதம், மூன்று மாதம், ஆறு மாதம், வருஷம் என்று ஸ்கேன் எடுத்தார்கள், அடைப்புக்குப் பின் மறுபடியும் அதே கணக்கு. அடைப்பு ஆரம்பிக்கிற இடம் ஸ்கேனில் முன்னாடியே தெரிந்துவிடும், கால் ஜில்லிடும்வரை காத்திருக்க வேண்டியதில்லை. அடுத்தது ஆவணியில். நின்று அயர்ன் பண்ணுகிறார், ஒன்றரை ஷிப்டுக்கு மட்டும் நான் விடுவதில்லை. காலையில் விஸ்வேஸ்வரர் கோயில் வரை நடந்து போய் வருகிறார். கோயிலுக்குள் வெறுங்காலில் போக வேண்டியிருக்கிறதே என்று கேட்டேன். சாக்ஸ் போட்டுக்கொள்கிறார், இறுக்கமில்லாத பருத்தி சாக்ஸ், நம்ம ஊர் டேமேஜ் பீஸ், கிலோ கணக்கில் கிடைக்கிறது.

டீ வந்துவிட்டது என்று தலைவி அக்கா கை காட்டுகிறார். பின்னால் அந்தத் தூண் பக்கத்தில் என் பையோடு உட்கார்ந்திருப்பேன். சுகர், பிரஷர் பார்க்கிறவர்கள் வாருங்கள். நாடி இருக்கும் இடத்தையும் காட்டித் தருகிறேன், செருப்பைக் கழற்றிவிட்டு வாருங்கள்.